மனைக்கு முன்பணம் கொடுக்குமுன்...



பல்லாண்டுகள் அயல்நாட்டில் உழைத்துச் சேர்த்த பொருளோடு இல்லத்தரசியின் நகைகளையும் விற்று ஒரு மனை வாங்குகிறோம். அம்மனை வேலூர்க் கோட்டை, தஞ்சைப் பெரிய கோயில், மாமல்லபுரச் சிற்பங்கள் போன்ற பாதுகாக்கப்பட்ட சின்னம் ஒன்றின் அருகே இருக்குமானால், பத்திரம் நம் கையிலிருந்தும் வீடு கட்ட இயலாமற் போகலாம் என்பதை அறிவீர்களா?

தொன்மைச் சின்னங்களைக் காக்கும் மத்திய அரசின் சட்டம் 1958-இல் இயற்றப்பட்டது. அவற்றைச் சுற்றிக் கட்டடங்கள் நெருங்குவதைத் தடுக்க 1992 ஜூன் 16-இல் ஓர் அறிவிக்கை வெளியாயிற்று. 2010-இல் சட்டமே திருத்தப்பட்டது. அதன்படி, சின்னத்தின் எல்லையிலிருந்து எல்லாத் திசைகளிலும் குறைந்தது 100 மீட்டர் வரை தடை செய்யப்பட்ட பகுதி. அதற்கப்பால் குறைந்தது 200 மீட்டர் ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதி.

இத்தொலைவைக் கோபுரத்திலிருந்தோ கோட்டை வாயிலிலிருந்தோ கணக்கிடுவது பிழையாகும். பாதுகாக்கப்பட்ட பகுதியின் எல்லை எங்கே முடிகிறதோ, அங்கிருந்தே அளவு தொடங்குகிறது. கண்ணுக்குத் தொலைவாகத் தோன்றும் மனையும் தடைக்குள் அடங்கிவிடக் கூடும்.

தடை செய்யப்பட்ட பகுதியில் தனி மனிதர் புதிய வீடு கட்ட அனுமதி இல்லை. 1992 ஜூன் 16-க்கு முன்பே அங்கிருந்த வீட்டைப் பழுது பார்க்கவும் புதுப்பிக்கவும் அனுமதி கோரலாம். ஆயின், இடித்துவிட்டு மீண்டும் கட்டுவது பழுது பார்ப்பதாகாது. பாட்டனார் கட்டிய வீடு பழசாகிவிட்டதென்று அவசரப்பட்டு இடித்தவர், வீட்டையும் இழந்து வெறும் மனையோடு நிற்க நேரிடும். ஆகவே, அனுமதி கைக்கு வராமல் ஒரு சுவரையும் தொடாதீர்கள்.

ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதியிலோ புதிய வீடும் கட்டலாம். பழைய வீட்டை இடித்துக் கட்டவும் செய்யலாம். இரண்டுக்கும் முன் அனுமதி வேண்டும். இதற்கென அமர்த்தப்பட்ட அதிகாரியிடம் விண்ணப்பித்தால், அவர் 15 நாட்களுக்குள் அதனைத் தேசிய நினைவுச் சின்னங்கள் ஆணையத்திற்கு அனுப்ப வேண்டும். ஆணையம் இரண்டு மாதங்களுக்குள் தன் பரிந்துரையைத் தெரிவிக்க வேண்டும். அது கிடைத்த ஒரு மாதத்திற்குள் அதிகாரி அனுமதி வழங்குவார் அல்லது மறுப்பார். மறுப்பதாயின் நம் தரப்பைக் கூற வாய்ப்பளிக்க வேண்டும் என்பது சட்டம்.

"நகராட்சி வரைபடத்திற்கு ஒப்புதல் தந்துவிட்டதே" என்று சிலர் கேட்பர். அவ்வொப்புதல் வேறு, இவ்வனுமதி வேறு. ஒன்று மற்றொன்றுக்கு ஈடாகாது. மீறிக் கட்டுவோருக்கு இரண்டாண்டுகள் வரை சிறையோ, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். மாநில அரசின் பாதுகாப்பிலுள்ள சின்னங்களுக்கு 1966-ஆம் ஆண்டின் தனிச் சட்டம் உண்டு. அவற்றின் அருகே மனை பார்ப்போர் மாநிலத் தொல்லியல் துறையிடம் தனியே விசாரிக்க வேண்டும்.

முன்னோர் விட்டுச் சென்ற சின்னங்கள் நம் அனைவருக்கும் உரிய செல்வம். அவற்றைக் காப்பது கடமை. அதே வேளையில், குடும்பத்தின் உழைப்பு வீணாகாமல் காப்பதும் கடமையன்றோ? தரகர் சொல்லை மட்டும் நம்பாதீர்கள். புல எண்ணோடு தொல்லியல் துறை அலுவலகத்திற்குச் சென்று, மனை எப்பகுதியில் அடங்குகிறது என்பதை எழுத்து மூலம் கேட்டறியுங்கள். முன்பணத்தை அதன் பிறகு கொடுக்கலாம்.