தனியா இருக்கிறதும் தனிமையும் ஒண்ணா? ஒரு பஸ் பயணம் சொல்லும் வித்தியாசம்

காலை 8 மணி, கடலூர் பேருந்து நிலையம். சிதம்பரம் பஸ்ஸில் ஜன்னலோர சீட் பிடித்த இளம்பெண்ணைக் கவனித்திருக்கிறீர்களா? காதில் ஹெட்செட். ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பி.முட்லூர் என ஊர்கள் போகும். சுமார் 45 கி.மீ. தூரமும் யாரிடமும் பேச மாட்டார். "பாவம், என்ன கவலையோ?" என்று பக்கத்து சீட் அக்கா நினைக்கலாம். ஆனா, அந்த நாளில் அவருக்கே அவருக்கென கிடைக்கிற நேரம் அது மட்டுமாகவும் இருக்கலாம்.

தனியா இருப்பது வேறு, தனிமையில் வாடுவது வேறு. நமக்கு வேண்டிய உறவுக்கும் உண்மையில் இருக்கிற உறவுக்கும் நடுவிலான இடைவெளி தரும் வலியைத்தான் உலக சுகாதார நிறுவனம் தனிமை உணர்வு என்கிறது. பக்கத்தில் எத்தனை பேர் என்பது இங்கே கணக்கில்லை. 2025 ஜூனில் வெளியான அதன் அறிக்கைப்படி, உலகில் 6 பேரில் ஒருவருக்கு இந்த உணர்வு உண்டு. 13 முதல் 29 வயதுள்ளவர்களில் 17 முதல் 21 சதவீதம் பேர். போன் நிறைய வாட்ஸ்அப் குரூப் இருக்கிற வயசு!

இதை நாவலாகவே எழுதியவர், 1934-ல் கடலூரில் பிறந்த ஜெயகாந்தன். 1972-ல் சாகித்ய அகாடமி விருது பெற்ற 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலின் கங்காவுக்குப் படிப்பு, ஆபீஸ் வேலை, சம்பளம், கூடவே அம்மா எல்லாம் உண்டு. மனசுவிட்டுப் பேசத்தான் ஆளில்லை. சுற்றியிருந்தவர்கள் அவரைப் பற்றிப் பேசினார்களே தவிர, அவரோடு உட்கார்ந்து பேசியவர்கள் குறைவு.

இன்னொரு சிக்கலும் இருக்கு. நம்ம ஊர்களில் தனியாக உட்காரவே ஒரு பெண்ணுக்குக் காரணம் வேண்டும். தேவனாம்பட்டினம் சில்வர் பீச்சில் ஒரு பையன் மணிக்கணக்கில் கடலைப் பார்க்கலாம். ஒரு பெண் உட்கார்ந்தால், "யாருக்கு வெயிட்டிங்?" என்கிற பார்வை வந்துவிடும். சிதம்பரம் நடராஜர் கோயில் பரவாயில்லை. பிரகாரத்தில் அரை மணி நேரம் சும்மா இருந்தாலும் சாமி கும்பிட வந்தவர் என்று விட்டுவிடுவார்கள்.

சரி, எப்போது கவலைப்படணும்? தனியா இருந்துட்டு வந்தபின் மனசு லேசானால் பிரச்னை இல்லை. தூக்கம் கெடுது, பிடிச்சதும் பிடிக்கலை, தேடி வந்து பேசுறவங்களையும் தவிர்க்கிறோம் என்பது இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால், கேட்க ஆள் தேவை. மத்திய அரசின் டெலி மானஸ் எண் 14416. எந்த நேரமும் இலவசமாக அழைக்கலாம், தமிழிலேயே பேசலாம்.

வீட்டில் எல்லோரும் இருக்கும்போது எப்படிப் பேசுறது என்பவர்களுக்கு மொட்டை மாடி இருக்கு. துணி காயப்போடப் போனால் யாரும் ஏன் என்று கேட்க மாட்டார்கள்.