இடப்பக்கம் ஐம்பது வரிசை

கிரேக்க நாட்டில் தீப்ஸ் என்று ஒரு நகரம். அதன் படைத்தலைவர் எபமினொண்டாஸ். பெயர் நீளம்தான்! மெதுவாகப் பிரித்துப் படியுங்கள்: எ-ப-மி-னொண்-டாஸ்.

அந்தக் காலத்தில் ஸ்பார்ட்டா நகரத்துப் படை என்றாலே எல்லோருக்கும் பயம். அங்கே ஆண் பிள்ளைகள் ஏழு வயதிலேயே வீட்டை விட்டுப் பயிற்சிக்குப் போய்விடுவார்கள். கி.மு. 371-இல் அந்தப் படை லியூக்ட்ரா என்ற இடத்தில் தீப்ஸ் படைக்கு எதிரே வந்து நின்றது. தீப்ஸிடம் ஆட்கள் குறைவு. என்ன செய்வது?

கிரேக்க வீரர்கள் வலக்கையில் ஈட்டியும் இடக்கையில் வட்டக் கேடயமுமாக, தோளோடு தோள் சேர்ந்து நிற்பார்கள். அவர்களுக்குப் பின்னால் இன்னும் பல வரிசைகள் இருக்கும். சிறந்த வீரர்களை வலப்பக்கம் நிறுத்துவது வழக்கம். இப்போ கொஞ்சம் யோசிங்க. உங்கள் வலப்பக்கத்துக்கு எதிரே இருப்பது அவர்களின் இடப்பக்கம், இல்லையா? அப்படியென்றால் இரண்டு படையின் பலசாலிகளும் நேருக்கு நேர் மோதவே மாட்டார்கள்!

எபமினொண்டாஸ் இதை மாற்றினார். தன் சிறந்த வீரர்களை இடப்பக்கம், ஸ்பார்ட்டா அரசருக்கு நேர் எதிரே நிறுத்தினார். ஸ்பார்ட்டாவுக்கு 12 வரிசை. இவருக்கு அங்கே 50 வரிசை! அவ்வளவு ஆட்கள் எப்படிக் கிடைத்தார்கள்? மற்றப் பக்கத்தில் ஆட்களைக் குறைத்தார். அங்கே நின்றவர்களைப் பின்தங்கியே வரச் சொன்னார். மேசையில் காசுகளை அடுக்கிப் பாருங்க, சட்டென்று புரியும்.

அரசர் கிளியோம்புரோட்டஸ் போரில் இறந்தார். ஸ்பார்ட்டா தோற்றது.

எனக்குப் பிடித்தது இதற்குப் பிறகு நடந்ததுதான். மெசேனியா நாட்டு மக்கள் பல தலைமுறைகளாக ஸ்பார்ட்டாவுக்கு அடிமைகளாக உழைத்து வந்தார்கள். எபமினொண்டாஸ் அங்கே படையோடு போய் அவர்களை விடுவித்தார். கி.மு. 369-இல் அவர்களுக்கென்று மெசேனி என்ற புது நகரமும் எழுந்தது.

ஊருக்குத் திரும்பியதும் பாராட்டா கிடைத்தது? இல்லை, வழக்கு! சட்டம் சொன்ன காலத்தைவிட அதிக நாள் தலைவராக இருந்தாராம். விடுதலை கிடைத்தது. ஆனால் பிறகு ஒரு தேர்தலில் அவரை யாரும் தேர்ந்தெடுக்கவில்லை. அவர் கோபித்துக்கொண்டு வீட்டில் உட்காரவில்லை, சாதாரண வீரராகவே படையில் நடந்தார். வழியில் படை ஆபத்தில் மாட்டியதும் வீரர்கள் அவரைத்தான் கூப்பிட்டார்கள். அவரும் எல்லோரையும் பத்திரமாகக் கூட்டி வந்தார்.

கி.மு. 362-இல் மாண்டினியா போரில் ஈட்டி பாய்ந்து இறந்தார். மெசேனி நகரத்தின் கல் மதிலில் ஒரு பகுதி இன்றும் நிற்கிறது.