தூரத்து ஒலிகள் – 11: ஆமி என்ற சொல்

பற்றரி தடைசெய்யப்பட்டிருந்த தொண்ணூறுகளில், சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, பெடலைக் கையாற் சுழற்றி, டைனமோவிற் பிறந்த சொற்ப மின்சாரத்தைக் கொண்டு வன்னி ஜனங்கள் வானொலி கேட்ட விதத்தைச் சென்ற வாரம் சொல்லி நிறுத்தியிருந்தேன். கால வரிசைப்படி போவதானால் இந்த வாரம் 2009க்குப் பிந்திய மௌனத்தைப் பற்றி எழுதியிருக்க வேண்டும். ஆனால் வட்டக்கச்சியில் என் தங்கையின் வீட்டில் நடந்த ஒரு சிறு சம்பவம் பேனாவை வேறு திசைக்கு இழுத்துக்கொண்டு போகிறது.

ஈராண்டுகளுக்கு முந்திய ஒரு மாலைப்பொழுது. தங்கை முற்றத்திலிருந்து சுளகில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். மீள்குடியேற்றத்துக்குப் பின் பிறந்த அவளுடைய பேத்தி, கைபேசியில் யாரோ ஒரு தோழியிடம், "நானும் ஆமிதான்" என்று உற்சாகமாகச் சொன்னது எங்கள் காதில் விழுந்தது. சுளகு அப்படியே நின்றது.

"என்ன பிள்ளை சொல்லுறாய்? ஆமியோ? எங்கை?"

"இல்லை அம்மம்மா, இது வேறை ஆமி. பாட்டுக் கேக்கிற ஆக்கள்."

வன்னியில் இராணுவத்தைக் குறிக்கும் அந்தச் சொல் எத்தனை இரவுகளின் ஓட்டத்தையும், எத்தனை பதுங்குகுழிகளின் ஈரத்தையும், எத்தனை வீடுகளின் வெறுமையையும் தன்னுள்ளே அடக்கி வைத்திருக்கிறது என்பதை அறிந்தவர்களுக்கு, தங்கையின் கை ஏன் நின்றது என்று விளக்கத் தேவையில்லை. அதே சொல்லை ஒரு சிறுமி, விளையாட்டுத் தோழியின் பெயரைச் சொல்வதுபோலச் சொல்கிறாளே என்ற ஆச்சரியத்தோடு, அவளையே அருகில் இருத்தி விஷயத்தைக் கேட்டறிந்தேன்.

தென்கொரியாவில் 2013 ஜூன் 13ஆம் திகதி ஏழு இளைஞர்கள் சேர்ந்த பாட்டுக் குழுவொன்று அரங்கேறிற்று. பி.ரி.எஸ். என்று உலகம் அழைக்கும் அக்குழுவின் கொரியப் பெயருக்கு, துப்பாக்கிக் குண்டு துளைக்காத பாலர் சாரணர் என்பது பொருள். இளம் பருவத்தினர்மீது சமூகம் எய்யும் பழிச்சொற்களையும் முன்முடிவுகளையும் தடுத்து நிற்பவர்கள் என்பதே அவர்கள் அதற்குத் தந்த வியாக்கியானம். அடுத்த மாதமே, ஜூலை 9ஆம் திகதி, அவர்களுடைய அபிமானிகளின் சங்கத்துக்கு ஆமி என்று நாமகரணமாயிற்று. கவசம் அணிந்தவர்களுக்குப் படையொன்று துணை நிற்கிறது என்ற பாவனையில் இட்ட பெயர் அது. அங்கே குண்டும் கவசமும் படையும் உவமைகளாக இருக்கின்றன. உவமையாகும் பாக்கியம் அச்சொற்களுக்கு எங்கள் மண்ணில் இன்னும் வாய்க்கவில்லை.

இத்தகைய சங்கங்களின் பூர்வோத்தரம் சுவையானது. 1996இல் அரங்கேறிய எச்.ஓ.ரி. என்ற குழுவின் இரசிகர்கள் வெள்ளைப் பலூனும், அவர்களுக்குப் போட்டியாக வந்த ஜெக்ஸ்கீஸ் குழுவின் இரசிகர்கள் மஞ்சட் பலூனும் ஏந்தி நின்றார்கள். நிறமே அவர்களுக்குக் குலச்சின்னம். பின்னர் இணையம் வந்தது. பலூன் இருந்த கைகளில் ஒளிவிளக்குகள் வந்தன. சியோல் நகரத்து அரங்கினுள் அடங்கியிருந்த கூட்டம் தேச எல்லைகளைக் கடந்தது. பாட்டின் எந்த இடைவெளியில் எந்தப் பெயரை எந்த வரிசையில் கூவ வேண்டும் என்பதற்குக்கூட அவர்களிடம் சம்பிரதாயம் உண்டு. புதிய பாட்டு வெளியான சில மணி நேரத்துக்குள் கொரிய மொழி அறிந்தவர்கள், யாரும் கேளாமலே, கூலியின்றி, அதைப் பல மொழிகளில் பெயர்த்து மற்றவர்களுக்குக் கொடுக்கிறார்கள். பேத்திக்கு மன்னாரிலும் மட்டக்களப்பிலும் சென்னையிலும் இந்தோனேசியாவிலும் இப்படிக் கிடைத்த சிநேகிதிகள் இருக்கிறார்கள். முகம் காணாதவர்கள், ஆனால் அவள் காய்ச்சலாய்க் கிடந்த நாளில் விசாரித்தவர்கள்.

இதை அவள் சொல்லக் கேட்டபோது, பரந்தனிலிருந்து எழுபதுகளில் இலங்கை வானொலிக்குத் தபாலட்டை எழுதிவிட்டுக் காத்திருந்த என் பிராயம் நினைவுக்கு வந்தது. எழுதிய பாட்டு எதுவென்று மறந்துவிட்டது. ஆனால் அந்தப் பாட்டை விரும்பிக் கேட்ட நேயர்களின் நீண்ட பட்டியலில், பார்த்தேயிராத ஊர்களின் பார்த்தேயிராத மனிதர்களுக்கு நடுவே, என் பெயரும் ஊரும் ஒலித்த அந்தக் கணம் மறக்கவில்லை. மயில்வாகனமும் அப்துல் ஹமீதும் கே. எஸ். ராஜாவும் கடலுக்கு இருபுறமும் வாழ்ந்த தமிழரை ஒரே திண்ணையில் இருத்தியவர்கள். ஒரு குரலை நேசிப்பவர் தமக்குள்ளும் நேசம் கொள்வது புதிய பைத்தியமன்று. கொரியப் பாட்டுக் கேட்கும் பிள்ளைகளைப் பரிகசிக்கும் என் வயதுக்காரர்கள், தங்கள் தபாலட்டைகளைச் சற்று நினைத்துக்கொள்ள வேண்டும்.

கொரிய இரசிகர்களின் வழக்கமொன்று நெல் விளையும் பூமியில் பிறந்த எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. கச்சேரி நடக்கும்போது மலர்வளையம் அனுப்புவதற்குப் பதிலாக அரிசி மூட்டைகளை அனுப்புகிறார்கள். அபிமான பாடகரின் பெயரால் அந்த அரிசி பிற்பாடு வறியவர்களுக்குப் போய்ச் சேருகிறது. 2020 ஜூனில், கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டத்துக்கென்று பி.ரி.எஸ். குழுவும் அதன் நிறுவனமும் பத்து லட்சம் டொலர் கொடுத்த செய்தி வெளியானதும், இரசிகர்கள் ஏறத்தாழ ஒரே நாளில் அதே அளவு தொகையைத் தாமும் சேர்த்தார்கள்.

குறைகளையும் சொல்லத்தான் வேண்டும். ஒரே இசைத்தட்டினுள் வெவ்வேறு படங்களை மறைத்து வைத்து, வேண்டிய படம் கிடைக்கும்வரை திரும்பத் திரும்ப வாங்கச் செய்யும் வியாபாரம், பிள்ளைகளின் அன்பை அளந்து விற்பதாகும். அதை நான் ஒப்பவில்லை. 2024 ஜனவரியில் கரூர் மாவட்டத்துச் சிறுமியர் மூவர், பதின்மூன்று வயதினர், விசாகப்பட்டினம் போய்க் கப்பலேறிக் கொரியா சேர்ந்துவிடலாமென்று வீட்டை விட்டுப் புறப்பட்டு, காட்பாடி இரயில் நிலையத்தில் மீட்கப்பட்டார்கள். செய்தியை வாசித்தவர்கள் சிரித்தார்கள். எனக்கு நெஞ்சு பதைத்தது. அவ்வளவு பெரிய ஆசையை மனத்திலே சுமந்து திரிந்த பிள்ளைகளிடம், அது என்னவென்று வீட்டில் ஒருவராவது பக்கத்தில் இருந்து கேட்டிருக்கலாமே என்றுதான் தோன்றிற்று.

கொரியாவில் ஆண்மக்களுக்குப் படைச்சேவை கட்டாயம். 2022 டிசம்பரில் பி.ரி.எஸ். குழுவின் மூத்தவரான ஜின் படையிற் சேர்ந்தார். மற்றவர்களும் ஒருவர்பின் ஒருவராகப் போனார்கள். பேத்தி நாட்காட்டியின் தாளொன்றைச் சுவரில் ஒட்டி, ஒவ்வொரு நாளாகக் கோடிட்டு வந்தாள். பிள்ளை ஒருவன் படையிலிருந்து திரும்பி வரும் தேதி முன்கூட்டியே தெரிந்திருக்கும் என்பது, அந்த வீட்டில் எவரும் கேள்விப்பட்டிராத விஷயம். தங்கையின் மகன் 2009க்குப் பிறகு வீடு திரும்பவில்லை. கிளிநொச்சி கந்தசுவாமி கோயில் முன்றலில், காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் 2017 பெப்ரவரி 20ஆம் திகதி தொடங்கிய போராட்டத்துக்கு, மகனின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு போயிருந்தவள் அவள். ஆகவே நாட்காட்டித் தாளைக் கண்டு அவள் மனம் நோவாளோ என்று நான் அஞ்சினேன். அவளோ காலையில் தேநீர் ஊற்றும்போது, "இண்டைக்கு எத்தினை நாள் கிடக்கு?" என்று பேத்தியிடம் தானாகவே கேட்கத் தொடங்கினாள்.

2024 ஜூன் 12ஆம் திகதி ஜின் வந்தார். 2025 ஜூன் மாதத்தில் நால்வர் இரு நாட்களுக்குள் வந்தார்கள். 21ஆம் திகதி, கடைசியாக, சுகா தமது சேவையை முடித்தார். அன்று நான் அங்கேதான் இருந்தேன். பிள்ளை அடுப்படிக்கு ஓடி, "அம்மம்மா, எல்லாரும் வந்திட்டினம்!" என்றாள். தங்கை கையைச் சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு எழுந்து வந்து, சுவரிலிருந்த தாளைச் சற்று நேரம் பார்த்தபடி நின்றாள்.

"தாய் தேப்பன் போய்க் கூட்டிக்கொண்டு வந்தவையோ?"

தேடிப் பார்த்துச் சொல்வதாகக் கூறி, பிள்ளை கைபேசியை எடுத்துக்கொண்டு அவளருகே குந்தினாள்.

(தொடரும்)