கம்பெனிகள் இணைந்தபின் உரிமங்கள் யாரைச் சேரும்?



பிழைப்பின் பொருட்டுப் பிற மாநிலங்களில் குடியேறி, வணிகத்தில் நிலைபெற்ற தமிழர் பலர். அண்ணன் ஐதராபாத்திலும் தம்பி புணேயிலும் மருந்து விற்பனைக்கென ஆளுக்கொரு பிரைவேட் லிமிடெட் கம்பெனி நடத்துவதாக வைத்துக்கொள்வோம். செலவு குறையுமென்று கருதி, அண்ணனின் கம்பெனியைத் தம்பியின் கம்பெனியோடு இணைக்கின்றனர். இணைப்பாணையும் கிடைத்துவிட்டது. மறுநாள் காலை ஐதராபாத்துக் கடையில் வழக்கம்போல் வியாபாரம் செய்யலாமா? இதனை ஆராய்வதே இவ்வுரையின் நோக்கம்.

இத்தகைய இணைப்புகள் 2013ஆம் ஆண்டுக் கம்பெனிகள் சட்டத்தின் 230 முதல் 232 வரையிலான பிரிவுகளின்படி நடைபெறுகின்றன. முன்னர் உயர்நீதிமன்றங்கள் அளித்துவந்த ஒப்புதலை 2016 டிசம்பர் முதல் தேசியக் கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் அளித்து வருகிறது. சிறு கம்பெனிகளுக்கு 233ஆம் பிரிவில் எளிய வழியொன்றும் உண்டு. ஆணை நடைமுறைக்கு வந்ததும், இணைக்கப்பட்ட கம்பெனியின் சொத்தும் கடனும் மற்றதைச் சேர்கின்றன. பழைய கம்பெனி சட்டத்தின் கண்ணில் இல்லாததாகிவிடுகிறது.

ஆனால் உரிமம் சொத்தைப் போன்றதன்று. இன்னார், இன்ன இடத்தில், இன்ன தொழிலைச் செய்யலாம் என அரசு அளிக்கும் இசைவே உரிமம். பெற்றவர் மறைந்தால் அதன் கதி என்ன என்பதை அவ்வத்துறையின் சட்டமே சொல்லும். ஆகவே எல்லா உரிமங்களும் தாமே மாறிவிடுமென நம்பியிருத்தல் பெரும் பிழை.

மருந்து விற்பனை உரிமத்தையே எடுத்துக்கொள்வோம். நிறுவனத்தின் அமைப்பு மாறினால், அம்மாற்றத்தை அதிகாரிக்கு எழுத்து மூலம் தெரிவித்தல் வேண்டும். மாறிய நாள்முதல் அதிகபட்சம் 3 மாதங்களுக்கே பழைய உரிமம் செல்லும். அதற்குள் புதிய உரிமம் பெற்றாக வேண்டும். 1945ஆம் ஆண்டு மருந்து விதிகள் விதிக்கும் நிபந்தனை இது. அலுவலகச் சோதனைக்கும் விசாரணைக்கும் காலம் பிடிக்குமாதலால், அந்த 3 மாதம் நீண்ட அவகாசமன்று.

அடுத்தது சரக்கு மற்றும் சேவை வரி. இதன் பதிவு மாநிலந்தோறும் தனித்தனியே பெறத்தக்கது. கம்பெனியின் நிரந்தரக் கணக்கு எண்ணை ஒட்டியது. எனவே அண்ணனின் பதிவு தம்பியின் கம்பெனிக்குச் செல்லாது. புணேக் கம்பெனி தெலங்கானாவில் தன் பெயரில் பதிவு பெறவேண்டும். பழைய பதிவில் எஞ்சிய உள்ளீட்டு வரி வரவை ஐ.டி.சி.-02 என்னும் படிவத்தின் வாயிலாக, பட்டயக் கணக்கர் அல்லது செலவுக் கணக்கரின் சான்றுடன் மாற்றலாம். படிவத்தைப் பழைய பதிவிலிருந்து அனுப்பி, புதிய பதிவில் ஏற்றுக்கொள்ள வேண்டும். ஆதலின் புதிய பதிவு கைக்கு வருமுன் பழையதை ரத்துச் செய்ய விண்ணப்பிக்கலாகாது.

கடை வாடகைக்கு எடுத்த இடமாயின் மற்றோர் இடரும் உண்டு. ஜெனரல் ரேடியோ அண்டு அப்ளையன்சஸ் என்னும் கம்பெனி, பம்பாய் உயர்நீதிமன்ற ஆணையால் வேறொரு ரேடியோ கம்பெனியோடு இணைந்தது. ஐதராபாத்தில் அது வாடகைக்கு எடுத்திருந்த இடத்தின் உரிமையாளர் வழக்குத் தொடுத்தார். உரிமையாளரின் எழுத்து மூல இசைவின்றி வாடகை உரிமை பிறருக்கு மாற்றப்பட்டது என்று கருதி, இடத்தைக் காலி செய்யும்படியான முடிவை உச்சநீதிமன்றம் 1986இல் உறுதி செய்தது. நீதிமன்றமே இணைப்பை ஒப்பியிருந்தும் அக்கம்பெனி இடத்தை இழந்தது. கடை போனால், அவ்விடத்துக்கென வழங்கிய மருந்து உரிமமும் பயனற்றுப் போகுமன்றோ?

செய்யத்தக்கவை யாவை? இணைப்புத் திட்டம் எழுதப்படும்போதே, இரு கம்பெனிகளின் உரிமங்கள், பதிவுகள், வாடகை ஒப்பந்தங்கள் யாவற்றையும் பட்டியலிடுக. ஒவ்வோர் அலுவலகத்துக்கும் எழுதி, பெயர் மாற்றம் போதுமா, புதிய உரிமம் வேண்டுமா என அறிக. வீட்டுக்காரரின் இசைவை எழுத்தில் பெறுக. ஆணை வந்தபின் அதன் சான்றிட்ட நகல்கள் பலவற்றை வாங்கி, 30 நாட்களுக்குள் கம்பெனிப் பதிவாளரிடம் ஒன்றைத் தாக்கல் செய்க. பிற அலுவலகங்களும் அந்நகலையே கேட்கும். கடை நிறுவனப் பதிவு மாநிலச் சட்டத்துக்கு உட்பட்டதாதலால், சென்னையில் கண்ட வழக்கத்தைப் புணேயில் எதிர்பார்த்தல் ஆகாது.

இவற்றை முன்கூட்டியே முடித்தவர், ஆணை வந்த மறுநாளும் அச்சமின்றிக் கடை திறப்பார். முடிக்காதவர், அலமாரி நிறையச் சரக்கிருந்தும் விற்கவியலாமல் நிற்க நேரிடும்.