விவரணப் படமும் சமூக உறவுகளும்

நாம் அறியாத மக்களின் அன்றாட வாழ்வை உள்ளவாறே காட்டுவது விவரணப் படம் என்பது பொதுவான நம்பிக்கை. கமரா பொய் சொல்லாது என்ற எண்ணமே இதற்கு அடிப்படை. ஆயின், கமராவை எவர், எவருடைய செலவில், எங்கு நிறுத்தினர் என்ற வினாவை எழுப்பாமல் இதனை ஏற்பதற்கில்லை.

இத்துறையின் முன்னோடியான றொபேட் ஃபிளாஹேர்ட்டி, கனடாவின் இனுயிட் மக்களைப் பற்றி 1922இல் வெளியிட்ட 'நானூக்' படத்தின் செலவை ஒரு மென்மயிர்த்தோல் வணிக நிறுவனமே ஏற்றது. துப்பாக்கி கொண்டு வேட்டையாடப் பழகியிருந்த அம்மக்கள் படத்தில் ஈட்டி ஏந்துகின்றனர். வணிகம் அவர்கள் வாழ்வில் விளைத்த மாற்றம் பின்தள்ளப்பட்டு, காலங்கடந்த தொன்மையே முன்வைக்கப்பட்டது.

எமது நாட்டைப் பற்றிய புகழ்பெற்ற படமான 'சோங் ஒஃப் சிலோன்' (1934) தேயிலைப் பிரசார சபைக்காக எடுக்கப்பட்டது. பசில் றைற் இயக்கிய இப்படம், கிராமத்து உழைப்பின் காட்சிகள்மீது சந்தை விலைகளைக் கூறும் குரல்களைப் படியவிட்டு, குடியேற்றப் பொருளாதாரத்தின் முரண்பாட்டை உணர்த்துகிறது. அதன் சிறப்பும் அதுவே. எனினும் உழைப்போர் தம் வாழ்வைத் தாமே எடுத்துரைப்பதில்லை. அவர்களுக்காகப் பேசுவது, 1660இல் கிழக்குக் கரையின் கொட்டியாரத்தில் சிறைப்பட்ட ஆங்கிலேயரான றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூல்.

இனி, அதே கிழக்குக் கரையின் கல்முனைக்கு வருவோம். 2004 டிசம்பர் 26இல் கடற்கோள் தாக்கியபின் உலகின் கமராக்கள் இங்கும் வந்தன. இடிந்த சுவர்களையும் அழும் முகங்களையும் பதிவு செய்தன. காட்சிகள் பொய்யல்ல. ஆனால் இப்பகுதி முஸ்லிம்களிடையே வீடு என்பது பெற்றோர் மகளுக்குச் சீதனமாகக் கொடுப்பது. மணமகனே அங்கு வந்து வாழ்கிறான். 'குடி' தாய்வழியே தொடர்கிறது. வீடு அழிந்தபோது ஒரு பெண்ணின் உடைமையும், அவள் தங்கையின் திருமண வாய்ப்பும் சேர்ந்தே அழிந்தன. கரையிலிருந்து 200 மீற்றருக்குள் மீளக் கட்டுவதற்கு விதிக்கப்பட்ட தடை இவ்விழப்பை மேலும் கடுமையாக்கியது. புதிய வீடுகளின் உறுதிகள் பலவிடங்களில் 'குடும்பத் தலைவர்' என்ற பெயரில் ஆண்களுக்கே வழங்கப்பட்டமையை ஆய்வாளர் சுட்டியுள்ளனர். இடிந்த சுவரைக் கண்ட கமரா உறுதியிலுள்ள பெயரைக் காணவில்லை.

ஆதலின் விவரணப் படத்தை நாம் நிராகரிக்க வேண்டியதில்லை. கண்ணுக்குத் தெரியும் செயல்களோடு, அவற்றை இயக்கும் உடைமை உறவுகளையும் அது தேடவேண்டும். அவ்வீட்டுப் பெண்ணிடம் 'என்ன இழந்தீர்கள்?' என்று கேட்பதோடு நில்லாது, 'இவ்வீடு யாருடையது?' என்றும் கேட்கும் படமே எமக்குத் தேவை.