தும்மலும் ஒரு ஷாட்தான்!

உங்க ஃபேவரைட் கேமராமேன் யாரு? பி.சி.ஸ்ரீராம், சந்தோஷ் சிவன்னு அடுக்குவீங்க. சரி, டாக்குமென்டரிக்கு கேமரா பிடிக்கிற ஒருத்தர் பேரைச் சொல்லுங்க பார்ப்போம்? 'ங்ஙே'ன்னு முழிக்கிறீங்கதானே! கிர்ஸ்டன் ஜான்சன் பற்றித் தெரியும்வரை நானும் அப்படித்தான் முழிச்சேன்.

அம்மணி அமெரிக்கர். பாரீஸில் 'லா ஃபெமிஸ்' சினிமாப் பள்ளி மாணவி. சுமார் 25 வருடம் அடுத்தவர்களின் படங்களுக்காக ஊர் ஊராக கேமராவோடு அலைந்தவர். 'தி ஓத்' படத்துக்காக 2010-ல் சன்டான்ஸ் விழாவில் ஒளிப்பதிவு விருது வாங்கினார். ஸ்னோடென் பற்றிய 'சிட்டிசன்ஃபோர்' (2014) படத்தின் ஒளிப்பதிவாளர்களில் இவரும் ஒருவர். படம் ஆஸ்கர் ஜெயித்தது. ஆனால், சிலை டைரக்டர், தயாரிப்பாளர்கள் கைக்குத்தானே போகும்!

2016-ல் கிர்ஸ்டன் ஒரு வேலை செய்தார். பல படங்களுக்காக எடுத்த ஃபுட்டேஜைக் கோத்து 'கேமராபெர்சன்' என்று சொந்தப் படமாக்கினார். வானத்தில் ஒரு மின்னல்... உடனே 'ஹச்'! கேமராவுக்குப் பின்னால் அவர் தும்ம, ஃப்ரேமே ஆடுகிறது. நாமளா இருந்தா என்.ஜி-ன்னு தூக்கிப் போட்டிருப்போம்.

காபூலில் ஒரு கண் பார்வை இழந்த பையன், குண்டுவெடிப்பில் உடன்பிறந்தவனைப் பறிகொடுத்ததைச் சொல்கிறான். விசும்பல் கேட்கிறது. அழுவது கிர்ஸ்டன்! நைஜீரிய ஆஸ்பத்திரியில், பிறந்த குழந்தை மூச்சுக்குத் திணறுகிறது. கேமரா ஓடிக்கொண்டே இருக்கிறது. அந்த நேரம் படம் எடுக்கலாமா, கூடாதா?

எனக்கு சுரீர்னு உறைச்சது. போன செமஸ்டர் குறும்படப் போட்டிக்காக, பஸ் ஸ்டாண்டில் பூ விற்கும் பாட்டியைப் படம் பிடிச்சேன். மகன் இறந்ததைச் சொல்லி அழுதாங்க. நான் என்ன செஞ்சேன் தெரியுமா? ஜூம்! 'கண்ணீர் செமையா வந்திருக்கு மச்சி'ன்னு குதிச்சோம். பரிசும் கிடைச்சுது. பாட்டிக்குப் படத்தைக் காட்டக்கூட இல்லை.

போன வாரம் போய்க் காட்டினேன். கட்டிய பூவைக் கீழே வைத்துவிட்டு முழுசாகப் பார்த்தாங்க. "அழுததை மட்டும் போட்டிருக்கியே கண்ணு... அவன் சின்ன வயசுல பண்ண சேட்டையெல்லாம் சொன்னேனே, அதெல்லாம் எங்க?"

மெமரி கார்டில்தான் இருக்கு பாட்டி! மறுபடி எடிட் பண்ண உட்கார்ந்துட்டேன். மாடல் எக்ஸாமா? அது அப்புறம் பாஸ்!