தாழம்பழமும் ஓட்ஸ் பாரும்

ஓட்ஸுக்கு நடுவே பழக்கூழை வைத்துச் சுடும் பார், இப்போது பல வீடுகளில் மாலைத் தீனியாகிவிட்டது. பழத்தையே ரொட்டிக்கு நிகரான உணவாக்கும் கைப்பக்குவம் நிக்கோபார் மக்களிடம் நெடுங்காலமாக இருக்கிறது.

அங்கே மூலப்பொருள் தாழையின் பெரிய பழம். சௌரா தீவுப் பெண்கள் வனைந்த மண்பானையில் அதை வேகவைப்பது மரபு. சௌராவில் களிமண் கிடையாது. பக்கத்துத் தெரசா தீவிலிருந்து படகில் வரவேண்டும்! வெந்த பழத்தைச் சுரண்டி, நாரைப் பொறுமையாக நீக்கி, சதையை மாவுபோலப் பிசைந்து கட்டியாக்குவார்கள்.

தாழம்பழத்துக்குப் பதிலாக, வீட்டுப் பாருக்கு அந்தமானில் விளையும் அன்னாசி அருமையாகப் பொருந்தும். ஓட்ஸ்தான் தீவுக்குக் கப்பலேறி வரவேண்டும். அன்னாசியைப் பொடியாக நறுக்கி, வெல்லம் சேர்த்து வாணலியில் கிளற வேண்டும். கரண்டியால் இழுத்ததும் அடிப்பாகம் ஒரு நொடி பளிச்சென்று தெரிந்தால் பதம் சரி. அன்னாசியில் பெக்டின் குறைவு என்பதால், சாறு வற்றாவிட்டால் அடித்தட்டு ஊறிக் குழைந்துவிடும்.

ஓட்ஸ், கோதுமை மாவு, வெண்ணெய், ஒரு சிட்டிகை உப்பு ஆகியவற்றை உதிரியாகப் பிசிறி, பாதியைத் தட்டில் அழுத்திப் பரப்பி, மேலே பழம், அதன்மேல் மீதிக் கலவை. 180 டிகிரி செல்சியஸில் சுமார் 35 நிமிடம், மேற்புறம் பொன்னிறமாகும்வரை. நன்றாக ஆறிய பிறகு வெட்டினால்தான் துண்டு உதிராது. தீவின் ஈரக்காற்றில் சீக்கிரம் நமுத்துவிடும். காற்றுப் புகாத டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் வைப்பது நல்லது.